உறைந்த சொல்லும் கேட்கும் செவியும்: கற்பனை உலகங்களில் ஒலி நினைவைக் காக்கும் முறை

ஆய்வுச்சுருக்கம்

பேசிய சொல் பேசியவரை விட்டுப் பிரிந்து, பனியிலோ காற்றிலோ கல்லிலோ தங்கி, பின்னொரு நாளில் மீண்டும் ஒலிக்கும் என்னும் கற்பனை ஐரோப்பிய இலக்கியத்தில் நெடுங்காலமாகத் தொடர்ந்து வருகிறது. புளூட்டார்க் எடுத்துரைக்கும் உறைந்த சொற்களின் நகரம் தொடங்கி, 1972-இல் ஒளிபரப்பான ‘தி ஸ்டோன் டேப்’ என்னும் தொலைக்காட்சி நாடகம் வரையிலான சில படைப்புகளை இக்கட்டுரை விளக்குகிறது. ஒலியைக் காக்கும் பொருள் எது என்பதைக் காட்டிலும், காக்கப்பட்ட ஒலியைக் கேட்பவர் யார் என்பதே இப்படைப்புகளின் உள்ளார்ந்த சிக்கல் என்பது இதன் கருத்து.

திறவுச்சொற்கள்: உறைந்த சொற்கள், ஒலிப்பதிவு, நினைவு, சான்று, ரபேலே, பாபேஜ், பாலார்ட், நைஜல் நீல்.

முன்னுரை

ஒலி, தோன்றிய கணத்திலேயே அழியத் தொடங்குவது. இக்குறையை ஈடுசெய்யவே எழுத்து வந்தது என்பது பொதுவான எண்ணம். மெசப்பொத்தேமியாவில் எழுத்து முதலில் பயன்பட்டது தானியக் கணக்குக்கும் பண்டங்களின் பட்டியலுக்கும்தான் எனத் தொல்லியல் காட்டிய பின்னும் அவ்வெண்ணம் மறையவில்லை. எழுத்தின் துணையே இன்றி, ஒலி தன்னைத்தானே காத்துக்கொள்ளும் உலகம் ஒன்று இருந்தால் எப்படியிருக்கும் என்று சில படைப்பாளிகள் எண்ணிப் பார்த்துள்ளனர். அவ்வுலகில் குளிர் ஏடாகிறது, வெப்பம் வாசகனாகிறது.

இங்கு ஒரு வேறுபாட்டை முதலிலேயே தெளிவுபடுத்துதல் வேண்டும். நினைவு ஒலியைக் காப்பது ஒன்று. ஒலி நினைவைக் காப்பது மற்றொன்று. பாட்டை மனப்பாடம் செய்தல், பழமொழியைத் தலைமுறைதோறும் சொல்லிவருதல், இறந்தவரின் குரலை மனத்துக்குள் மீட்டிப் பார்த்தல் ஆகியன முன்னதைச் சார்ந்தவை. இவற்றில் நினைப்பவர் ஒருவர் உயிரோடு இருக்கிறார். பின்னதில் நினைப்பவர் இல்லை. நினைவு மட்டும் வெளியில், ஏதோ ஒரு பொருளில், தனித்துக் கிடக்கிறது. இக்கட்டுரை எடுத்துக்கொள்வது பின்னதை மட்டுமே. இவ்விரண்டையும் ஒன்றாகக் கலந்து, வாய்மொழி மரபு பற்றிய பொதுப்பேச்சாக மாற்றிவிடுவது இப்பொருள் குறித்த எழுத்துகளில் எளிதாக நேரும் பிழை.

ஒலி நிலையுடையதா?

இக்கற்பனைக்கு அடியில் இருப்பது ஒரு மெய்யியல் வினா. தமிழ் மரபை அறிந்தோர்க்கு அது புதியதன்று. மணிமேகலையில் அறவண அடிகள் அளவை நெறியை விளக்கும் பகுதியில், ஒலி நிலையற்றது என்னும் மேற்கோளும், அது செய்யப்படுவது என்னும் ஏதுவும், குடம் என்னும் எடுத்துக்காட்டும் திரும்பத் திரும்ப வருகின்றன. அளவையைக் கற்பிக்க உலகில் எத்தனையோ பொருள்கள் இருக்க, ஒலியின் நிலையின்மையே எடுத்துக்காட்டாக ஆளப்படுவது தற்செயலன்று. அக்காலச் சமயவாதிகளிடையே அது எரியும் வழக்காக இருந்தது. மீமாஞ்சகர் ஒலியை என்றுமுள்ளதாகக் கொண்டனர். நாவும் தொண்டையும் அதனைப் படைப்பதில்லை, இருளில் இருந்த குடத்தை விளக்கு காட்டுவதுபோல வெளிப்படுத்த மட்டுமே செய்கின்றன என்றனர். நியாய வைசேடிகர் ஒலியை ஆகாயத்தின் குணம் என்றும், தோன்றி உடனே அழிவது என்றும் கூறினர். சமணர் அதனைப் பருப்பொருளின் ஒரு நிலை என்றனர். 13ஆம் நூற்றாண்டில் நன்னூல் செய்த பவணந்தியார் சமணர். எழுத்துக்கு அவர் தரும் இலக்கணம் ஒலியை அணுக்களின் திரளாகக் காண்கிறது. உந்தியிலிருந்து எழும் வளியைப் பேசும் தொல்காப்பியப் பிறப்பியலோடு இதனை ஒப்பிட்டால், ஒலி ‘பொருள்’ ஆகிவிட்ட மாற்றம் விளங்கும்.

இந்திய மெய்யியலுக்கும் கீழே வரும் ஐரோப்பியக் கதைகளுக்கும் வரலாற்றுத் தொடர்பு இருப்பதாகக் கொள்ள வேண்டியதில்லை. எனினும் இந்நிலைப்பாடுகள் கதைகளை வாசிக்க நல்ல அளவுகோல்களாகின்றன. ஒலி பருப்பொருள் எனின் அதனைக் கையில் அள்ளலாம். ஒலி என்றுமுள்ளது எனின் அது எங்கோ இன்றும் கேட்டுக்கொண்டிருக்க வேண்டும்.

இவ்வழக்கில் இன்னொரு நுட்பமும் உண்டு. ஒரு சொல்லின் இறுதி எழுத்து ஒலிக்கும்போது அதன் முதலெழுத்து மறைந்துவிட்டது. அவ்வாறாயின் சொல் முழுமையாக எங்கே இருக்கிறது? முன்னெழுத்துகள் கேட்பவர் உள்ளத்தில் விட்டுச்சென்ற பதிவும், இப்போது ஒலிக்கும் இறுதி எழுத்தும் சேர்ந்தே பொருளை உணர்த்துகின்றன என்பது மீமாஞ்சை உரையாசிரியர் சபரர் தரும் விடை. அதாவது, மிகச் சாதாரணமான ஒரு சொல்கூடக் கேட்பவரின் உள்ளே சேர்த்து வைக்கப்பட்ட பின்னரே சொல்லாகிறது. செவியில்லாத இடத்தில் இருப்பது ஒலித்துணுக்கு மட்டுமே. உறைந்த சொற்களின் கதைகள் இந்த இடத்தில்தான் இடறுகின்றன. இடறுவதாலேயே சுவை பெறுகின்றன.

குளிர்நாட்டுக் கதைகள்

அறத்தில் ஒருவர் அடையும் வளர்ச்சியைப் பற்றிய தம் கட்டுரையில் புளூட்டார்க் ஒரு வேடிக்கைச் செய்தியை எடுத்துரைக்கிறார். அதனைச் சொன்னவர் அந்திபானீஸ். ஒரு நகரத்தில் குளிர் மிகுதியால் சொற்கள் பேசிய உடனே உறைந்துவிடும். குளிர்காலத்தில் ஒருவருக்கொருவர் பேசிக்கொண்டதைக் கோடையில் அவை உருகும்போதுதான் மக்கள் கேட்பார்கள். பிளேட்டோவிடம் இளமையில் பாடம் கேட்டவர்களின் நிலையும் இதுவே, அவர் சொன்னதன் பொருள் பெரும்பாலோர்க்கு முதுமையில்தான் விளங்கிற்று என்பது அச்செய்தியின் பயன். நகைச்சுவையாகச் சொல்லப்பட்ட இவ்வுவமை, இக்கற்பனையின் பிற்கால வளர்ச்சி அனைத்துக்கும் வித்தாகிறது. இங்குக் காலந்தாழ்ந்தது ஒலி அன்று, புரிதல். சொல் உரிய நேரத்தில் செவியை எட்டிவிட்டது. செவி பக்குவப்படத்தான் ஆண்டுகள் ஆயின.

1528-இல் வெளிவந்த காஸ்டிலியோனேயின் ‘அரசவையாளன்’ என்னும் நூலின் இரண்டாம் பகுதியில் இதே கரு வணிகக் கதையாகிறது. லூக்கா நகர வணிகர் ஒருவர் விலையுயர்ந்த மென்மயிர்த் தோல்களை வாங்கப் போலந்து வழியே செல்கிறார். போலந்து அரசருக்கும் மாஸ்கோவியப் பிரபுவுக்கும் போர் நடப்பதால் எல்லையைக் கடக்க இயலவில்லை. உறைந்து கிடக்கும் தினீப்பர் ஆற்றின் அக்கரையில் மாஸ்கோவியர் நின்று விலையைக் கூவுகின்றனர். சொற்கள் நடுவழியிலேயே உறைந்து நின்றுவிடுகின்றன. வழக்கத்தை அறிந்த போலந்துக்காரர் ஆற்றின் நடுவே பனிக்கட்டியின் மேல் பெருந்தீ மூட்ட, உறைந்த சொற்கள் மலைப்பனி உருகி வழிவதுபோல முணுமுணுத்து இறங்குகின்றன. விலை தெளிவாகக் கேட்கிறது. ஆனால் அது மிக அதிகம்; பேரம் பேசலாம் என்றால் அக்கரையில் யாரும் இல்லை, அவர்கள் சென்றுவிட்டனர். வணிகர் வெறுங்கையோடு திரும்புகிறார்.

இக்கதை சிரிப்பதற்காகச் சொல்லப்படுவது. ஆயினும் சேமிக்கப்பட்ட ஒலியின் அடிப்படை இயல்பு ஒன்றை அது சரியாகப் பிடித்துவிட்டது. சேமிக்கப்பட்ட சொல்லுக்கு மறுமொழி கூற முடியாது. விலை சொல்லலாம், பேரம் பேச இயலாது. உரையாடலின் ஒரு பாதி மட்டும் வந்து சேர்கிறது.

ஜோசப் அடிசன், ரிச்சர்ட் ஸ்டீல் ஆகியோர் எழுதிய ‘டாட்லர்’ இதழில் 1710-இல் வந்த கதை இன்னும் ஓரடி முன்செல்கிறது. வடதுருவப் பகுதியில் உள்ள நோவா செம்பிலாவில் குளிரால் ஒதுங்கிய கப்பல் ஒன்றில் மூன்று வாரம் யார் பேச்சும் யாருக்கும் கேட்பதில்லை. பனி இளகும்போது முதலில் மெய்யொலிகளின் நொறுங்கலும் அதனூடே சீறல் ஒலியும் கேட்கின்றன. அடுத்து மென்மையான கிசுகிசுப்புகள், அதன்பின் அசைகளும் குறுஞ்சொற்களும், கடைசியில் முழு வாக்கியங்கள். தமக்குக் கேட்காது என்ற துணிவில் தலைவரைத் திட்டித் தீர்த்த மாலுமியின் வசவுகளும் அவற்றுள் உருகி வெளிவருகின்றன. ஒலியின் சேமிப்பு, பேசியவருக்கு எதிரான சான்றாக மாறக்கூடும் என்பது இக்கதையில் வெளிப்படையாகிறது. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் புகழ்பெற்ற மஞ்சௌசன் பிரபுவின் கதைகளில், அடுப்பருகே மாட்டிய ஊதுகொம்பிலிருந்து உறைந்த இசை தானே உருகி ஒலிப்பதும் இக்குடும்பத்தைச் சேர்ந்ததே. அதில் வேடிக்கைக்கு மேல் ஒன்றும் இல்லை.

ரபேலேயின் கப்பல் தளம்

இக்கதைகள் அனைத்திலும் ஆழமானது, பிரான்சுவா ரபேலே 1552-இல் வெளியிட்ட ‘நான்காம் நூல்’ 55, 56ஆம் இயல்களில் வருவது. நடுக்கடலில் பந்தக்ருவேலும் தோழர்களும் விருந்துண்டு பேசிக்கொண்டிருக்கும்போது, ஆளில்லாத வெளியிலிருந்து ஆண், பெண், குழந்தை, குதிரை என்று பல குரல்கள் கேட்கத் தொடங்குகின்றன. பனூர்ஜ் அஞ்சி ஓடிவிடலாம் என்கிறான். கப்பலோட்டி விளக்கம் தருகிறார்: அது உறைகடலின் எல்லை, சென்ற குளிர்காலத் தொடக்கத்தில் அவ்விடத்தில் அரிமாஸ்பியருக்கும் நெபெலிபாத்தருக்கும் பெரும்போர் நடந்தது, அப்போது எழுந்த அலறல்கள், படைக்கலங்களின் மோதல், குதிரைகளின் கனைப்பு யாவும் காற்றில் உறைந்தன, இப்போது வெயில் வர உருகுகின்றன.

பந்தக்ருவேல் இன்னும் உருகாத சொற்களைக் கைநிறைய அள்ளித் தளத்தின்மேல் வீசுகிறார். அவை பல நிறச் சர்க்கரை மிட்டாய்கள் போல இருக்கின்றன. உள்ளங்கையில் வைத்துச் சூடேற்றினால் பனிபோல் உருகி ஒலிக்கின்றன. ஒலி கேட்கிறது, பொருள் விளங்கவில்லை, மொழி அயல்மொழி. சற்றுப் பெரிய சொல் ஒன்று, கீறாமல் தீயிலிட்ட கொட்டையைப் போல வெடித்து எல்லாரையும் திடுக்கிட வைக்கிறது. அது பீரங்கியின் ஒலி. கதைசொல்லி சில சொற்களை எண்ணெயில் இட்டுக் காக்க விரும்புகிறார். பனிக்கட்டியை வைக்கோலில் பொதிந்து வைப்பது போல. பந்தக்ருவேல் மறுத்துவிடுகிறார். எப்போதும் குறைவின்றிக் கிடைப்பதைச் சேர்த்து வைப்பது அறிவின்மை என்பது அவர் கருத்து.

இப்பகுதியை மொழியின் பொருண்மை பற்றிய விளையாட்டாக விளக்குவோர் உண்டு. ஒலியை அணுத்திரளாகக் கண்ட பவணந்தியாருக்கு, கையில் அள்ளும் சொல் அவ்வளவு வியப்பாக இருந்திராது என்றும் வேடிக்கையாகச் சொல்லலாம். ஆனால் அள்ளப்படுவது எது என்பதைக் கவனித்தல் வேண்டும். அவை போரில் வெட்டுண்டு இறந்தவர்களின் கடைசிக் குரல்கள். அவற்றைக் கேட்டவர் எவரும் அப்போது உயிரோடு எஞ்சினரா என்பதைக் கதை சொல்லவில்லை. மாதங்கள் கழித்து அவை சென்று சேரும் செவிகள், அம்மொழி அறியாதவர்களின் செவிகள். விருந்துண்டு களித்திருந்தவர்களின் செவிகள். மிட்டாய் போன்ற நிறங்கள் அழகாக இருக்கின்றன. உருகிய பின் ஒன்றும் மிஞ்சுவதில்லை. ரபேலே இதனை அறம் உரைக்கும் தொனியில் சொல்லவில்லை, சிரித்துக்கொண்டே சொல்கிறார். அதனாலேயே அக்காட்சி மனத்தை விட்டு அகல்வதில்லை. ஒலி முழுமையாகக் காக்கப்பட்டும் நினைவு முழுமையாக அழிந்துபோகக் கூடும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சித்திரம் பின்வந்த இலக்கியத்திலும் அரிது.

புரியாமல் கேட்டல் என்னும் இந்நிலையை, முற்றிலும் மாறான தொனியில், ஜே. ஆர். ஆர். டோல்கீன் கையாள்கிறார். அவர் மறைந்தபின் 1977-இல் வெளிவந்த ‘தி சில்மரில்லியன்’ நூலின் தொடக்கப் பகுதியில் உலகம் இசையால் படைக்கப்படுகிறது. அப்படைப்பிசையின் எதிரொலி, பூமியின் பிற பொருள்களைவிட நீரில் மிகுதியாகத் தங்கியுள்ளது. அதனால்தான் கடலின் ஓசையைப் பலரும் சலிக்காமல் கேட்கின்றனர். எதைக் கேட்கிறோம் என்பது மட்டும் அவர்களுக்குத் தெரிவதில்லை. ரபேலேயில் புரியாமை ஓர் இழப்பு. டோல்கீனில் அது ஏக்கமாக மாறுகிறது. இன்னொரு வேறுபாடும் உண்டு: பனியில் உறைந்த சொல் ஒருமுறை ஒலித்தால் தீர்ந்துவிடும், நீரில் தங்கிய இசை கேட்கக் கேட்கத் தீராது. ‘தீரும் ஒலி’, ‘தீராத ஒலி’ என்னும் இவ்வேறுபாடே இனிவரும் பகுதிகளுக்குத் திறவுகோல்.

நிலாவுலகின் செவிநூல்கள்

தீராத ஒலியை முதலில் கருவியாக எண்ணிப் பார்த்தவர்களுள் ஒருவர் சிரானோ தெ பெர்ஜெராக். அவர் இறந்து இரண்டு ஆண்டுகள் கழித்து, 1657-இல் அச்சேறிய நிலாப் பயணக் கதையில், நிலாவுலக மாந்தர் நூல்களைக் கண்ணால் படிப்பதில்லை. கடிகாரம் போன்ற நுண்பொறிகள் அமைந்த சிறு பெட்டியே நூல். விசையை முறுக்கி, முள்ளை வேண்டிய இயலின்மேல் திருப்பினால், மனித வாயிலிருந்து வருவதுபோல் ஒலி வரும். அதனைக் காதில் தொங்கவிட்டுக்கொண்டு நடக்கலாம். அங்கே 16, 18 வயது இளையோர் நரைத்த முதியோரைவிட அறிந்தவராக இருப்பதற்கு இதுவே காரணம். இறந்த பெருமக்கள் யாவரும் தம் குரலோடு உடன் நடக்கின்றனர். ஒலிப்பதிவுக் கருவி உருவாவதற்கு ஏறத்தாழ 220 ஆண்டுகள் முன்பே இது எழுதப்பட்டது என்று வியப்பது வழக்கம். வியப்புக்குரியது அதுவன்று. உறைந்த சொற்களின் கதைகளில் ஒலி தற்செயலாகத் தங்குகிறது. சிரானோவின் உலகில் அது வேண்டுமென்றே வைக்கப்படுகிறது. ஆகவே அங்கே பெருமக்களின் குரல் மட்டுமே காக்கப்படுகிறது. போர்க்களத்து அலறலுக்கு அப்பெட்டியில் இடமில்லை.

பாபேஜின் காற்று நூலகம்

அலறலுக்கும் இடம் தந்த நூலகத்தை எண்ணியவர் கதாசிரியர் அல்லர். கணிதவியலாளர் சார்லஸ் பாபேஜ். கணிப்பொறியின் முன்னோடியான பகுப்பாய்வுப் பொறியை வடிவமைத்த அவர், அதில் எண்களைத் தேக்கி வைக்கும் பகுதிக்குப் ‘பண்டகசாலை’ என்னும் பொருள்படும் பெயரிட்டார். தேக்கி வைத்தல் அவர் சிந்தனையில் ஊறியிருந்தது எனலாம். 1837-இல் வெளியிட்ட ‘ஒன்பதாம் பிரிட்ஜ்வாட்டர் ஆய்வுரை’யின் ஒன்பதாம் இயலில், பேசிய சொற்கள் இவ்வுலகின்மேல் விட்டுச்செல்லும் நிலைத்த பதிவைப் பற்றி எழுதுகிறார்.

அவருடைய வாதம் இயக்கவியலைச் சார்ந்தது. ஒருவர் பேசும்போது காற்றின் துகள்கள் அசைகின்றன. அவ்வசைவு அடுத்த துகள்களுக்குச் செல்கிறது. 20 மணி நேரத்திற்குள் வளிமண்டலத்தின் ஒவ்வோர் அணுவும் அம்மாற்றத்தை ஏற்றுவிடுகிறது. செவிக்கு எட்டாத அளவு அது நலிந்தாலும் இல்லாமற் போவதில்லை. போதிய கணித ஆற்றல் படைத்த ஓர் அறிவு இருப்பின், இன்றைய காற்றின் அசைவிலிருந்து பின்னோக்கிக் கணக்கிட்டு, என்றோ பேசிய சொல்லை மீட்க இயலும். எனவே காற்று ஒரு மாபெரும் நூலகம். ஆணும் பெண்ணும் இதுவரை உரத்தும் மெல்லவும் சொன்ன அனைத்தும் அதன் ஏடுகளில் அழியாமல் உள்ளன.

இயற்பியல் இதனை இன்று இவ்வாறு ஏற்பதில்லை. ஒலியின் ஆற்றல் அழிவதில்லை என்பது மெய். அது சுவரிலும் காற்றிலும் வெப்பமாக மாறுகிறது. ஆனால் சொல்லைச் சொல்லாக்கிய ஒழுங்கு, துகள்களின் தாறுமாறான வெப்ப அசைவில் கரைந்துவிடுகிறது. அதனைப் பிரித்தெடுக்கும் கருவி எதுவும் இல்லை. ஆற்றல் காக்கப்படுவதும் செய்தி காக்கப்படுவதும் ஒன்றல்ல.

ஆயினும் பாபேஜின் இயல் எழுதப்பட்டதன் நோக்கம் இயற்பியலை விளக்குவது மட்டுமன்று. அவ்வியலின் உச்சத்தில் அவர் அடிமைக் கப்பலைக் கொண்டுவருகிறார். அடிமை வணிகத்தைப் பிரித்தானியப் பாராளுமன்றம் 1807-இல் தடைசெய்த பின்னும் கடலில் அது நின்றுவிடவில்லை. துரத்தும் கப்பலிடமிருந்து தப்பச் சுமையைக் குறைக்கும்பொருட்டு, விலங்கிடப்பட்ட மனிதர்களைத் தலைவன் கடலில் எறியச் செய்கிறான். சாட்சி சொல்ல எவரும் இல்லை. ஆனால் அவன் இட்ட கட்டளையைக் காற்றின் ஒவ்வொரு துகளும் ஏந்தியிருக்கிறது. மூழ்கியவரின் துடிப்பை நீரின் அணுக்கள் ஏந்தியிருக்கின்றன. மனித இனமே அற்றுப்போன பின்னும் அப்பதிவு நீங்காது. இறுதித் தீர்ப்பு நாளில் உயிருள்ள சாட்சி தேவைப்படாது என்கிறார்.

ரபேலேயின் தளத்தில் கேட்பாரற்று உருகிய அலறல், இங்கு வழக்குமன்றத்தில் ஏறுகிறது. எனினும் அதனைக் கேட்கும் தகுதி யாருக்கு உண்டு? எல்லையற்ற அறிவுடைய இறைவனுக்கு மட்டுமே. பாபேஜ் இறைநம்பிக்கையோடு எழுதியதால் இது அவருக்குக் குறையாகத் தோன்றவில்லை. நம்பிக்கையை நீக்கிவிட்டுப் பார்த்தால் எஞ்சுவது அச்சமூட்டுவது: எல்லாச் சான்றும் உண்டு, கேட்பார் ஒருவரும் இல்லை. (எந்த ஒலியும் அழிவதில்லை என்று எழுதிய இவரே, பிற்காலத்தில் இலண்டன் தெருப் பாடகர்களின் இரைச்சலை ஒழிக்க ஓயாமல் போராடினார். 1864-இல் வெளிவந்த தம் வாழ்க்கை நூலில் தெருத் தொல்லைகளுக்கென ஓர் இயலையே ஒதுக்கியுள்ளார்.)

கோடாக மாறிய குரல்

பாபேஜுக்குப் பின் 20 ஆண்டுகளில், 1857-இல், பிரெஞ்சு அச்சுத் தொழிலாளி எதுவார்-லியோன் ஸ்காட் தெ மார்த்தென்வில் குரலின் அதிர்வைப் புகைக்கரி படிந்த தாளில் கோடாக வரையும் கருவிக்கு உரிமம் பெற்றார். அக்கோட்டை மீண்டும் ஒலியாக்கும் எண்ணம் அவருக்கு இல்லை. கண்ணால் படிப்பதற்கே அது. 1860-இல் அவர் வரைந்த ஒரு பாட்டின் கோடு, 2008-இல் அமெரிக்க ஆய்வாளர்களால் கணினி வழியே ஒலியாக்கப்பட்டது. 148 ஆண்டுகள் காத்திருந்து உருகிய சொல் என்று அதனைக் குறிப்பது மிகையாகாது. 1877-இல் எடிசன் செய்த கருவி ஒலியைத் தகரத்தாளில் பதித்துத் திரும்பவும் ஒலித்தது. அத்தாள் சில முறை ஒலித்ததுமே தேய்ந்துவிடும் என்பதால், அதுவும் தொடக்கத்தில் ‘தீரும் ஒலி’யாகவே இருந்தது. மறு ஆண்டில் எடிசன் எழுதிய கட்டுரையில் கருவியின் பயன்களைப் பட்டியலிடும்போது, இறப்பவரின் கடைசிச் சொற்களைக் குடும்பத்தினர் காத்துக்கொள்வதையும் குறிப்பிட்டார்.

ஒலிப்பதிவு அன்றாடப் பொருளான பின் கற்பனை ஓய்ந்திருக்க வேண்டும். நடந்தது வேறு. ஒலி தங்காதே என்ற ஏக்கம் போய், தங்கிவிடுகிறதே என்ற அச்சம் வந்தது.

துடைக்கப்படும் ஒலி

ஜே. ஜி. பாலார்டின் ‘தி சவுண்ட்-ஸ்வீப்’ என்னும் நெடுங்கதை 1960-இல் வெளிவந்தது. அக்கதை நிகழும் நகரத்தில் ஒலிகள் சுவரிலும் இருக்கையிலும் தரையிலும் ஒட்டிக்கொண்டு தங்கிவிடுகின்றன. தெளிவாகக் கேட்காதபோதும் அவை மனிதரின் அமைதியைக் குலைக்கின்றன. ஆகவே ஒலியை உறிஞ்சும் கருவியோடு வீடுதோறும் சென்று எச்ச ஒலிகளைத் துடைத்தெடுத்து, நகருக்கு வெளியே ஒலிக்கிடங்கில் கொட்டுவது ஒரு தொழில். அத்தொழில் செய்யும் மங்கான் என்பவர் வாய்பேசாதவர். நுண்ணிய செவி படைத்தவர். செவிக்குப் புலப்படாத மீயொலி இசை வந்துவிட்டதால் வாய்ப்பிழந்த பாடகி ஜியோகொண்டா அம்மையாரிடம் அவர் பேரன்பு கொள்கிறார்.

பாலார்டின் கண்டுபிடிப்பு, ஒலி சுவரில் தங்குகிறது என்பதன்று. கேட்கும் வேலையை ஒரு கூலித்தொழிலாக மாற்றியதே. நகரத்தார் தாம் பேசியதைத் தாமே கேட்க விரும்பவில்லை. அதனைக் கேட்டு அப்புறப்படுத்தும் பொறுப்பு, மறுமொழி கூற இயலாத ஒருவர்மேல் சுமத்தப்படுகிறது. அவர் எல்லா வீட்டு இரகசியங்களையும் அறிவார், எதனையும் சொல்ல முடியாது. பாடகியோ அத்திறனைக் கொண்டு, கிடங்கில் கிடக்கும் பழைய ஒலிகளிலிருந்து செல்வாக்குடைய ஒருவரின் இரகசியத்தை மீட்டு அவரை மிரட்டி மேடையேறத் திட்டமிடுகிறார். பாபேஜின் உலகில் எளியோர் சார்பில் நின்ற சான்று, இங்கு விற்பனைச் சரக்காகிறது. ‘டாட்லர்’ மாலுமியின் வசவு சிரிப்பை வருவித்தது. 250 ஆண்டுகளில் அது மிரட்டல் பொருளாக மாறியுள்ளது. துப்புரவுத் தொழிலின் இழிநிலையை இந்தியச் சூழலில் அறிந்த வாசகர்க்கு, கழிவைச் சுமப்பவரே ஊரின் முழு நினைவையும் சுமக்கிறார் என்னும் இக்கற்பனை கூடுதல் கூர்மையோடு படும். கதை அக்கூர்மையை முழுவதும் பயன்படுத்தவில்லை. இறுதியில் பாடகியின் வீழ்ச்சியிலேயே நின்றுவிடுகிறது.

கல்லின் நினைவு

நைஜல் நீல் எழுதி, பி.பி.சி. 1972 திசம்பர் 25 அன்று ஒளிபரப்பிய ‘தி ஸ்டோன் டேப்’, இதுவரை பார்த்த இழைகள் அனைத்தையும் ஒன்றாக முறுக்குகிறது. மின்பொருள் நிறுவனம் ஒன்றின் ஆய்வுக்குழு, காந்த நாடாவுக்கு மாற்றாகப் புதிய பதிவூடகத்தைத் தேடிப் பழைய மாளிகை ஒன்றில் குடியேறுகிறது. அங்குள்ள பழங்கல் அறையில், 1890-இல் இறந்த பணிப்பெண் ஒருத்தியின் அலறலும் உருவமும் தோன்றுகின்றன. அது பேய் அன்று, கல்லில் பதிந்த பதிவு என்று குழுத்தலைவர் பீட்டர் ப்ரோக் முடிவு செய்கிறார். அவர் கண்ணில் அப்பெண்ணின் மரண வேதனை, போட்டி நிறுவனங்களை வெல்லும் சரக்கின் மாதிரி.

இந்நாடகத்தின் நுட்பம் கருவிகளைப் பற்றியது. அலறல் கேட்கும்போது ஒலிவாங்கிகள் எதனையும் பதிவதில்லை. அது காற்றில் எழும் ஒலி அன்று. அறையில் உள்ள மனிதரின் உணர்வு மண்டலத்தில் நேரே எழுவது. ஆகவே சிலருக்குத் துலக்கமாகவும் சிலருக்கு மங்கலாகவும் அது புலனாகிறது. கணினி வல்லுநரான ஜில் கிரீலிக்கு எல்லாரினும் தெளிவாக. கேட்பவரின் உள்ளத்தில் பதிவு நிறைவுறும்போதே சொல் பொருளாகிறது என்ற சபரரின் விளக்கம், கற்பனை அறிவியலின் மொழியில் இங்கு மீண்டும் தலைகாட்டுகிறது. கல் ஏடு மட்டுமே, செவியே கருவி.

குழுவினர் பலவகை ஒலிகளை அறையில் செலுத்தி ஆராய முயல, பதிவு அழிந்துவிடுகிறது. ப்ரோக் ஆய்வைக் கைவிடுகிறார். ஜில் மட்டும் தொடர்கிறார். அழிந்தது மேலடுக்கு மட்டுமே, அதற்கு அடியில் பல ஆயிரம் ஆண்டுகள் பழைய, உருக்குலைந்த பதிவு ஒன்று இருப்பதைக் கண்டு எச்சரிக்கிறார். அவர் சொல்லை எவரும் பொருட்படுத்துவதில்லை. பழைய பதிவு எழுதப்பட்ட ஓலையைத் துடைத்துப் புதிதாக எழுதினாலும் அடியெழுத்து மறையாது என்பதைச் சுவடிகளோடு பழகியோர் அறிவர். கல்லுக்கும் அதே இயல்பை நீல் தந்துள்ளார். (இந்நாடகத்தின் பெயரைத் தாங்கி, பேய் நம்பிக்கையாளரிடையே ‘கல் நாடாக் கோட்பாடு’ என ஒன்று இன்று உலவுகிறது. கல் ஒலியை அவ்வாறு பதிவதற்கு அறிவியற்சான்று இல்லை.)

ஜில் அவ்வறையில் தனியே இருக்கும்போது அடியிலிருந்த அந்நினைவால் தாக்கப்பட்டு இறக்கிறார். பின்னர் நடக்கும் விசாரணையில் அவரை மனநிலை பிறழ்ந்தவராகக் காட்டும் ப்ரோக், அவர் எழுதிவைத்த ஆய்வுக்குறிப்புகளையும் அழித்துவிடுகிறார். உயிரோடிருந்தபோது கேட்கப்படாத எச்சரிக்கை, தாளிலும் இல்லாமற் போகிறது. அதன்பின் ப்ரோக் கல் அறைக்குள் செல்கிறார். கல்லில் இப்போது புதிய பதிவு ஒன்று இருக்கிறது. பணிப்பெண்ணின் குரல் அன்று, ஜில்லின் குரல். அது ப்ரோக்கின் பெயரைச் சொல்லி அலறுகிறது.